காய்ச்சல் இல்லை, ஆனால் உடம்பு சில்லென்று இருக்கிறது

வாசகர் கேள்விகளுக்குப் பதில் தருபவர், சிங்கப்பூரில் 36 ஆண்டுகள் தாதியாக வேலை பார்த்து ஓய்வு பெற்றவர்.

போன மாதம் காய்ச்சலைப் பற்றி எழுதியபோது கடைசியில் ஒரு வரி சேர்த்திருந்தேன்: வெப்பமானி 36-க்குக் கீழே காட்டினாலும் எனக்கு எழுதுங்கள். அந்த ஒரு வரிக்கு இத்தனை கடிதங்கள் வரும் என்று நான் நினைக்கவில்லை. 2003-ல் சார்ஸ் வந்தபோது நம் பிள்ளைகள் தினமும் இரண்டு வேளை நாக்குக்கடியில் வெப்பமானி வைத்துப் பார்த்தார்கள். கொவிட் காலத்தில் கடைத்தொகுதி வாசல்தோறும் நின்று நெற்றியைக் காட்டினோம். இரண்டு முறையும் நாம் கற்றுக்கொண்டது, அளவு மேலே போனால் பயப்பட வேண்டும் என்பதை மட்டும்தான். கீழே போனால் என்ன என்று யாரும் கேட்கவும் இல்லை, சொல்லவும் இல்லை.

நம் ஊர் சூடான ஊர். 1989 பிப்ரவரி 14 அன்று பாய லேபாரில் 19 டிகிரி பதிவானது. இந்தத் தீவில் பதிவான குளிருக்கு எல்லை அதுதான். அப்படிப்பட்ட ஊரில், நனையாமல் வீட்டுக்குள் இருக்கும் ஒருவருடைய உடம்பு உண்மையிலேயே குளிர்ந்துபோனால் பழியை வானிலை மேல் போட முடியாது. காரணம் பெரும்பாலும் உடம்புக்குள்ளேதான் இருக்கும். இந்த மாதக் கடிதங்கள் எல்லாமே அதைப் பற்றியவை.

மாமியாருக்கு வயது 81. இருபது வருடமாக நீரிழிவு. இரண்டு நாளாகச் சாப்பாடு இறங்கவில்லை, தூங்கிக்கொண்டே இருக்கிறார். என்னைப் பார்த்து என் நாத்தனார் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறார். காய்ச்சல் இருக்குமோ என்று பார்த்தால் 35.1தான். காய்ச்சல் இல்லை என்பதால் திங்கள்கிழமை பலதுறை மருந்தகத்துக்கு அழைத்துப் போகலாமா? — ஈசூன் வாசகி

இந்தக் கடிதம் ஒரு சனிக்கிழமை காலையில் மின்னஞ்சலில் வந்தது. பத்திரிகையில் பதில் வரும்வரை காத்திருக்கும் விஷயமில்லை இது. திங்கள்வரை வேண்டாம், இப்போதே 995-ஐ அழையுங்கள் என்று உடனே பதில் போட்டேன். மூன்று வாரம் கழித்து அந்த அம்மாவே எழுதினார்: சிறுநீர்க் கிருமித்தொற்று ரத்தத்தில் கலந்திருந்ததாம். மாமியார் வீடு திரும்பிவிட்டார், கஞ்சி குடிக்கிறார். மற்றவர்களுக்கும் உதவட்டும் என்று அவரே சொன்னதால் இங்கே போடுகிறேன்.

காய்ச்சல் இல்லை என்பது முதியவர்களிடத்தில் நல்ல செய்தியாக இருக்க வேண்டிய கட்டாயம் இல்லை. கிருமி உள்ளே வந்தால் உடம்பு நடுங்கி, தோலில் ஓடும் ரத்தக் குழாய்களைச் சுருக்கி, வெப்பத்தைச் சேமித்து ஏற்றும். அதைத்தான் காய்ச்சல் என்கிறோம். அதற்குத் தசை வேண்டும், தெம்பு வேண்டும். எண்பது வயதில் தசை கரைந்திருக்கும், நடுக்கமும் சரியாக வராது. தொற்று கடுமையானால் ரத்தக் குழாய்கள் தளர்ந்து, இருக்கிற வெப்பமும் தோல் வழியாகப் போய்விடும். வெப்பமானி ஏறுவதற்குப் பதில் இறங்கும். தொற்று இப்படி உடம்பு முழுவதையும் பாதிக்கும் நிலையை செப்சிஸ் என்கிறார்கள். செப்சிஸில் காய்ச்சலோடு வருகிறவர்களைவிட உடம்பு குளிர்ந்து வருகிறவர்களுக்குத்தான் உயிராபத்து அதிகம்.

இதை நான் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. வேலைக்குச் சேர்ந்து இரண்டாவது வருடம், இரவுப் பணி. பதினோராவது கட்டிலில் ஒரு பாட்டி. அதிகாலை நான்கு மணிக்கு வெப்பநிலை பார்த்தேன், 35.2. அட்டையில் நீல மையால் புள்ளி வைத்து, கோட்டை இழுத்துவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டேன். காய்ச்சல் இல்லை, நன்றாகத் தூங்குகிறார் என்றுதான் நினைத்தேன். பின்னாலேயே வந்த மூத்த தாதி அட்டையைப் பார்த்ததும் நின்றார். போர்வைக்குள் கையை விட்டுப் பாட்டியின் வயிற்றில் புறங்கையை வைத்தார். அப்புறம் தன் கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி ஒரு நிமிடம் முழுக்க மூச்சை எண்ணினார். முப்பத்திரண்டு. சிறுநீர்ப் பையைத் தூக்கிப் பார்த்தார், அடியில் கொஞ்சம்தான் இருந்தது, தேயிலைச் சாயத்தின் நிறத்தில். டாக்டரைக் கூப்பிடச் சொன்னார். என்னைத் திட்டவில்லை. "வயிறு குளிர்ந்தால் ஓடணும், மிஸ்ஸி" என்று மட்டும் சொன்னார். அந்தப் பாட்டி பிழைக்கவில்லை. நான் நின்று பார்த்திருந்தால் பிழைத்திருப்பாரா என்ற கேள்வி இன்றும் என்னிடம் இருக்கிறது.

அந்த மூத்த தாதி செய்ததை நீங்களும் வீட்டில் செய்யலாம். கை கால் சில்லென்று இருப்பது பலருக்கும் வழக்கம்தான், அதை வைத்து முடிவுக்கு வராதீர்கள். துணிக்குள் கையை விட்டு வயிற்றிலோ முதுகிலோ புறங்கையை வையுங்கள். அங்கேயும் குளிர்ந்திருந்தால் உள்வெப்பம் இறங்கியிருக்கிறது என்று பொருள். வெப்பமானியில் 35-க்குக் கீழே போனால் அதை ஹைப்போதெர்மியா என்கிறார்கள், யாராக இருந்தாலும் அது அவசரம்தான். முதியவருக்கு 36-க்குக் கீழே இருந்து, கூடவே புதிதாகக் குழப்பம், ஓயாத தூக்கம், வேகமான மூச்சு, சிறுநீர் குறைவு இவற்றில் ஏதாவது ஒன்று இருந்தாலும் 35 வரட்டும் என்று காத்திருக்காதீர்கள்.

நீரிழிவு உள்ளவர் என்பதால் இன்னொன்றும் சொல்ல வேண்டும். ரத்தத்தில் சர்க்கரை மிகவும் இறங்கினாலும் உடம்பு குளிரும், ஏனென்றால் எரிப்பதற்கு எரிபொருள் இல்லை. வேர்த்துக் கொட்டியிருக்கும், தோல் ஈரமாகவும் சில்லென்றும் இருக்கும், பேச்சு குளறும். சாப்பிடாமல் இன்சுலின் போட்டுக்கொண்டவர்களுக்கும், கிளிப்பிஸைட், கிளிக்ளஸைட் போன்ற மாத்திரை எடுப்பவர்களுக்கும் இது வரலாம். வீட்டில் சர்க்கரை பார்க்கும் கருவி இருந்தால் வெப்பமானி பார்த்த கையோடு விரலையும் குத்திப் பாருங்கள். 4 mmol/L-க்குக் கீழே இருந்து, விழித்திருந்து விழுங்க முடிந்தால் மூன்று தேக்கரண்டிச் சீனியைத் தண்ணீரில் கரைத்துக் கொடுங்கள், பதினைந்து நிமிடத்தில் மறுபடி பாருங்கள். நினைவு தப்பியிருந்தால் வாயில் எதையும் ஊற்றக் கூடாது, புரையேறிவிடும். 995தான். மாத்திரையால் இறங்கிய சர்க்கரை, ஏறின மாதிரி ஏறி மறுபடி இறங்கும். அதனால் தெளிந்துவிட்டார் என்று வீட்டிலேயே வைத்துக்கொள்ளாமல் மருத்துவமனைக்கு அழைத்துப் போங்கள்.

ஆம்புலன்ஸ் வருகிறவரை ஏர்கானையும் விசிறியையும் நிறுத்துங்கள். துணி ஈரமாக இருந்தால் மாற்றுங்கள், தலையையும் சேர்த்துப் போர்த்துங்கள். வெந்நீர்ப் பையை நேராகத் தோலில் வைக்காதீர்கள். நீரிழிவுக்காரர்களுக்குக் காலில் உணர்ச்சி குறைந்திருக்கும், சூடு தெரியாமல் வெந்து கொப்பளித்துப் போன பாதங்களுக்கு நான் எத்தனையோ முறை கட்டுப் போட்டிருக்கிறேன். உள்ளங்காலில் கோடாலித் தைலம் தேய்ப்பதும் நம் வீடுகளில் வழக்கம். தோலில் சூடு தெரியும், ஆறுதலாக இருக்கும். உள்வெப்பம் அதனால் ஏறாது.

எனக்கு 44 வயது. அலுவலகத்தில் எல்லோரும் சாதாரணமாக இருக்க, நான் மட்டும் சால்வை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். முடி கொட்டுகிறது, எடை கூடுகிறது, மலச்சிக்கல். வெப்பமானி 36.0 அல்லது 36.1 காட்டுகிறது. ஏர்கான் ஒத்துக்கொள்ளவில்லை என்கிறார் கணவர். — செங்காங் வாசகி

உங்கள் கணவர் சொல்வதை நான் ஏற்கவில்லை. ஏர்கான் எல்லோர் மேலும்தானே வீசுகிறது.

முதலில் ஒன்றைப் பிரித்துக்கொள்வோம். குளிர்கிறது என்று உணர்வது வேறு, உடம்பு குளிர்ந்திருப்பது வேறு. ரத்தசோகை உள்ளவர்களுக்குக் குளிரும், கை வெளுத்துச் சில்லிடும், ஆனால் வெப்பமானி பெரும்பாலும் சரியாகவே காட்டும். சிலருக்குக் குளிர் பட்டால் விரல் மட்டும் வெள்ளையாகி, நீலமாகி, அப்புறம் சிவக்கும். அது ரேனோ என்ற விரல் ரத்தக்குழாய்ச் சிக்கல். உங்களுக்கு 36.0 என்பதும் தனியாகப் பார்த்தால் பயப்படும் அளவு இல்லை, அதுவே இயல்பாக உள்ளவர்கள் நிறையப் பேர். ஆனால் நீங்கள் எழுதியதை எல்லாம் சேர்த்து வைத்துப் பார்த்தால் எனக்கு என் அம்மாவின் ஞாபகம் வருகிறது.

அம்மாவுக்கு அப்போது 68. அங் மோ கியோவில் மூன்றறை வீடு, மேற்குப் பார்த்த வரவேற்பறை. ஏப்ரல் மாதம் பிற்பகல் மூன்று மணிக்கு உள்ளே நுழைந்தால் நமக்கு வேர்க்கும். அம்மா அரக்கு நிற ஸ்வெட்டரும் அப்பாவின் காலுறையும் போட்டுக்கொண்டு, விசிறியை நிறுத்தச் சொல்லிக்கொண்டிருப்பார். குரல் கரகரத்துப் போயிருந்தது. சென்னையிலிருந்து தொலைபேசியில் அழைத்த சித்தி, அப்பா எடுத்தார் என்று நினைத்துப் பேசினார். புருவத்தின் வெளி ஓரம் உதிர்ந்துவிட்டது. தினமும் குளிக்கும்போது கழற்றி வைக்கும் வளையல், கழற்ற வரவில்லை. கை உப்பியிருந்தது. அழுத்தினால் பள்ளம் விழாத உப்பல். வயசாகிறது, அப்படித்தான் இருக்கும் என்றார்கள் எல்லோரும். தாதியான நானும் ஒரு வருடத்துக்கு மேல் அப்படியேதான் நினைத்தேன். ஒரு நாள் வளையலைக் கழற்ற சோப்பு நுரை போட்டுக் கையைப் பிடித்தபோது, விரல் தானாக நாடியில் போய் நின்றது. நிமிடத்துக்கு 50. அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது. மறுநாள் பரிசோதனைக்கு ரத்தம் கொடுத்தோம். தைராய்டு சுரப்பி ஏறக்குறைய வேலையை நிறுத்தியிருந்தது.

தைராய்டு சுரப்பிதான் உடம்பின் அடுப்பை எவ்வளவு எரிய விட வேண்டும் என்று வைக்கிறது. அது குறைந்தால் எல்லாமே மெதுவாகும்: குடல், இதயம், யோசனை, வெப்பம். பெண்களுக்கே அதிகம் வருகிறது. உடம்பின் எதிர்ப்புச் சக்தி தன் சுரப்பியையே தாக்கும் ஹஷிமோட்டோ நோய் ஒரு பெரிய காரணம். டிஎஸ்எச் என்ற ஒரு ரத்தப் பரிசோதனையில் தெரிந்துவிடும், பலதுறை மருந்தகத்திலேயே கேட்கலாம். ரத்தசோகைக்கும் சேர்த்துப் பார்க்கச் சொல்லுங்கள்.

மாத்திரை எழுதிக் கொடுத்தால் அதை எப்படிச் சாப்பிடுகிறீர்கள் என்பதுதான் முக்கியம். தைராக்ஸின் மாத்திரையைக் காலையில் வெறும் வயிற்றில், வெறும் தண்ணீரோடு. அரை மணி முதல் ஒரு மணி நேரம் கழித்துத்தான் காப்பியும் பசியாறலும். இரும்புச்சத்து, கால்சியம் மாத்திரைகளுக்கும் இதற்கும் நான்கு மணி நேர இடைவெளி வேண்டும், இல்லாவிட்டால் மருந்து உடம்பில் சேராது. என் அம்மா முதல் மாதம் காப்பியில் நிறையப் பால் ஊற்றிக் கலந்து, அதோடு மாத்திரையை விழுங்கிவிட்டு "இந்த மருந்து கேட்கவில்லை" என்றார். இதயம் பலவீனமான முதியவர்களுக்குக் குறைந்த அளவில் ஆரம்பித்து மெதுவாகத்தான் ஏற்றுவார்கள். அதனால் பொறுமை வேண்டும். அம்மா ஸ்வெட்டரை மடித்து வைக்க மூன்று மாதம் ஆனது.

கவனிக்காமல் வருடக்கணக்கில் விட்ட தைராய்டுக் குறைவில், ஒரு நிமோனியாவோ தூக்க மாத்திரையோ சேர்ந்தால் உடம்பு 35-க்கும் கீழே இறங்கி, ஆள் மயக்க நிலைக்குப் போகலாம். மிக்ஸிடீமா கோமா என்று அதற்குப் பெயர். அரிதுதான், ஆனால் உயிரை எடுக்கக்கூடியது. நீங்கள் அந்த இடத்துக்குப் பக்கத்தில்கூட இல்லை. இருந்தாலும் இந்த வாரமே ரத்தம் கொடுத்துவிடுங்கள்.

துவாஸில் வேலை. தங்குவிடுதியில் நண்பர் வாங்கி வைத்திருக்கும் நெற்றி வெப்பமானி எனக்கு 34.3 காட்டுகிறது. ஊருக்குப் போன் போட்டுச் சொன்னேன், அம்மா அழுகிறார். — சிவகங்கைத் தம்பி

அம்மாவிடம் அழ வேண்டாம் என்று சொல்லுங்கள் தம்பி. நெற்றி வெப்பமானி தோலின் வெப்பத்தைப் பார்த்துத்தான் கணக்குப் போடுகிறது. வேர்வை காயும்போதும், ஏர்கான் அறையிலிருந்து வந்ததும், மழையில் நனைந்த பிறகும் குறைவாகவே காட்டும். கொஞ்ச நேரம் நிழலில் உட்கார்ந்து, குளிர்பானம் எதுவும் குடிக்காமல் இருபது நிமிடம் கழித்து, நாக்குக்கடியில் வைக்கும் வெப்பமானியை வாயை மூடிக்கொண்டு வைத்துப் பாருங்கள். தெளிவாகப் பேசுகிறீர்கள், பசிக்கிறது, வேலை செய்கிறீர்கள் என்றால் 34.3 உங்கள் உடம்பின் அளவு இல்லை.

ஒன்று மட்டும். மழைக்காலத்தில் நனைந்த சட்டையோடு லாரியின் பின்னால் காற்றில் உட்கார்ந்து வருவது உண்மையாகவே உடம்பைக் குளிர வைக்கும். பையில் ஒரு காய்ந்த சட்டையைப் பிளாஸ்டிக் உறையில் போட்டு வைத்துக்கொள்ளுங்கள். குளிருக்குப் பிராந்தி நல்லது என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். சாராயம் தோலின் ரத்தக் குழாய்களை விரிக்கும், சூடாக இருப்பது போல் தோன்றும், அந்தச் சூடு உள்ளேயிருந்து வெளியே போகிற சூடு. குடித்துவிட்டுத் திறந்த வெளியில் படுத்து, மழையில் நனைந்து, வெப்பமானியில் 'லோ' என்று மட்டும் காட்டிய நிலையில் வந்தவரை இதே சிங்கப்பூரில் நான் பார்த்திருக்கிறேன். அவருக்கு வயது முப்பதுகூட இல்லை.

பேரன் பிறந்து பத்து நாள். வெப்பமானியில் 36.2. மகள் கவலைப்படுகிறாள். ஊரில் நாங்கள் வெப்பமானி வைத்தா பிள்ளை வளர்த்தோம்? — பொங்கோலுக்கு வந்திருக்கும் பாட்டி

அம்மா, நீங்கள் வளர்த்த முறையில் நல்லது நிறைய உண்டு. ஆனால் உங்கள் மகள் கவலைப்படுவதில் நியாயம் இருக்கிறது. பிறந்த குழந்தைக்கு 36.5 முதல் 37.5 வரைதான் இயல்பு. பெரியவர்களுக்குச் சாதாரணமான 36.2, பச்சைக் குழந்தைக்குக் குறைவு. அதற்கு நடுங்கத் தெரியாது. முதுகிலும் கழுத்திலும் உள்ள ஒருவகைக் கொழுப்பை எரித்துத்தான் சூடாகிறது. தலை பெரிது, தோல் மெல்லிசு, சீக்கிரம் வெப்பத்தை இழந்துவிடும். எண்ணெய் தேய்த்து நிதானமாகக் குளிப்பாட்டிவிட்டு ஏர்கான் அறையில் படுக்க வைத்தால் போதும், அரை டிகிரி இறங்கிவிடும்.

குழந்தையை டயப்பரும் குல்லாவும் மட்டும் போட்டு, மகளின் மார்போடு தோலோடு தோல் ஒட்ட வைத்து, மேலே போர்வையைப் போர்த்துங்கள். முகத்தை மட்டும் மூடாதீர்கள். 1978-ல் கொலம்பியாவின் பொகோட்டா நகரில், குறைமாதப் பிள்ளைகளுக்கு இன்குபேட்டர் போதாமல் போனபோது எட்கர் ரே என்ற டாக்டர் அம்மாக்களின் மார்பையே இன்குபேட்டராக ஆக்கினார். கங்காரு பராமரிப்பு என்று இன்று உலகம் முழுக்க நடக்கிறது. மருமகன் மார்பிலும் வைக்கலாம், அவர் ஆசைப்படுவார்.

அரை மணியிலிருந்து ஒரு மணி நேரத்துக்குள் 36.5-ஐத் தொட்டு, பிள்ளை விழித்துப் பால் குடித்தால் சரி. ஏறவில்லை என்றாலோ, பால் குடிக்க மறுத்துத் துவண்டு கிடந்தாலோ, அழுகை ஈனமாக இருந்தாலோ உடனே அவசரப் பிரிவு. முதல் கடிதத்தில் முதியவருக்குச் சொன்னதே இங்கேயும்: பச்சைக் குழந்தைக்குக் கிருமித்தொற்று வந்தாலும் காய்ச்சலுக்குப் பதில் குளிர்ச்சிதான் பலநேரம் முதலில் தெரியும்.

முழங்கால் வலிக்கு, தெரிந்தவர் கொடுத்த மூலிகை மாத்திரையை எட்டு மாதம் சாப்பிட்டேன். வலி மாயமாகப் போனது, முகம் உருண்டையானது. பயந்து போய் இரண்டு வாரம் முன்பு நிறுத்திவிட்டேன். இப்போது எழுந்தால் தலை சுற்றுகிறது, வாந்தி, உடம்பு சில்லென்று 35.6. — தோ பாயோ வாசகர், வயது 59

ஐயா, இன்றைக்கே அவசரப் பிரிவுக்குப் போங்கள் என்று உங்களுக்குத் தனியாக எழுதியிருந்தேன், போயிருப்பீர்கள் என்று நம்புகிறேன். மற்ற வாசகர்களுக்காக இங்கே விளக்குகிறேன்.

இரண்டே நாளில் வலியைப் போக்கும் 'மூலிகை' மாத்திரை என்றால் அதில் ஸ்டீராய்டு கலந்திருக்கலாம். டெக்ஸாமெத்தசோன் என்ற ஸ்டீராய்டு கலந்த இப்படிப்பட்ட பொருள்களைப் பற்றி நம் சுகாதார அறிவியல் ஆணையம் பலமுறை எச்சரிக்கை விட்டிருக்கிறது. சிறுநீரகத்துக்கு மேலே தொப்பி போல உட்கார்ந்திருக்கும் அட்ரீனல் சுரப்பி தினமும் கார்ட்டிசால் என்ற, உடம்பின் சொந்த ஸ்டீராய்டைச் சுரக்கிறது. வெளியிலிருந்து ஸ்டீராய்டு வந்துகொண்டே இருந்தால் அது தூங்கிவிடும். திடீரென்று மாத்திரையை நிறுத்தினால் எழுந்திருக்க வாரங்கள், மாதங்கள்கூட ஆகும். அந்த இடைவெளியில் ரத்த அழுத்தம் இறங்கும், சர்க்கரை இறங்கும், வெப்பமும் இறங்கும். இது அட்ரீனல் நெருக்கடியாக மாறினால் உயிருக்கு ஆபத்து.

டாக்டரிடம் போகும்போது அந்த மாத்திரை உறையையும் மிச்சத்தையும் கையோடு கொண்டுபோங்கள். வெட்கப்பட்டு மறைக்காதீர்கள். மறைத்தால் டாக்டர் வாந்திக்கு மட்டும் மருந்து கொடுத்து அனுப்பிவிடக்கூடும். வாங்கிச் சாப்பிட்டவர் மேல் எனக்குக் கோபமே இல்லை, வலி அப்படி. விற்கிறவர்கள் மேல்தான் கோபம். ஆஸ்த்துமாவுக்கோ மூட்டுக்கோ டாக்டரே ஸ்டீராய்டு மாத்திரை எழுதிக் கொடுத்திருந்தாலும் நீங்களாக ஒரு நாளில் நிறுத்தாதீர்கள். படிப்படியாகத்தான் குறைக்க வேண்டும்.

கணவருக்கு வாரம் மூன்று நாள் டயாலிசிஸ். எப்போதும் 35.9, 36 என்றுதான் இருக்கிறார், இயந்திரத்தில் இருக்கும்போது குளிர்கிறது என்கிறார். — பிடோக் வாசகி

சிறுநீரகம் செயலிழந்தவர்களுக்கு வெப்பநிலை மற்றவர்களைவிடக் கொஞ்சம் குறைவாகவே ஓடும். இயந்திரத்தில் ரத்தம் குழாய் வழியாக வெளியே போய்த் திரும்பும்போது ஆறியும்விடும். அழுத்தம் இறங்காமலிருக்க டயாலிசிஸ் நீரைச் சற்றுக் குளிர்ச்சியாக வைப்பதும் உண்டு. போர்வையும் காலுறையும் கொண்டுபோகச் சொல்லுங்கள், ஊசி போட்ட கை மட்டும் வெளியே தெரிய வேண்டும்.

ஆனால் குளிர்வது வேறு, பல் கிட்டிக்கொள்ள நடுங்குவது வேறு. கழுத்திலோ மார்பிலோ குழாய் வைத்திருப்பவர் இயந்திரம் ஓடும்போது நடுங்கினால், வெப்பமானி என்ன காட்டினாலும், குழாயில் கிருமி இருக்கலாம். உடனே தாதியிடம் சொல்ல வேண்டும். அதேபோல, வழக்கமாக 35.9 இருப்பவருக்கு 37.4 வந்தால் அது அவருக்குக் காய்ச்சலாக இருக்கலாம், 37.5 வரவில்லையே என்று விட்டுவிடாதீர்கள்.

என் அப்பா 78, நலமாக இருக்கிறார். அவருக்கு எது குறைவு என்று நாங்கள் எப்படித் தெரிந்துகொள்வது? — ஜூரோங் வாசகர்

நலமாக இருக்கும்போது கேட்டீர்களே, அதற்கு முதலில் நன்றி.

37 டிகிரி என்ற கணக்கு 1868-ல் ஜெர்மானிய டாக்டர் வுண்டர்லிக் ஆயிரக்கணக்கான நோயாளிகளின் அக்குளில் வெப்பமானி வைத்துப் பார்த்து எழுதியது. உங்கள் அப்பாவுக்கு அதே அளவு இருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. அதிகாலையில் குறைவாகவும் மாலையில் கூடுதலாகவும் இருக்கும், வயதானால் பொதுவாகச் சற்றுக் குறையும். அதனால் ஒரு வாரம், காலை எழுந்ததும் ஒரு முறை, மாலை ஆறு மணிக்கு ஒரு முறை, ஒரே வெப்பமானியை ஒரே இடத்தில் வைத்துப் பாருங்கள். காதில் வைப்பது என்றால் காது மடலை மேலும் பின்னுமாக இழுத்துப் பிடித்து வையுங்கள், அழுக்கு அடைத்திருந்தால் குறைத்துக் காட்டும். அக்குள் என்றால் வேர்வையைத் துடைத்துவிட்டுக் கையை இறுக்கி, சத்தம் வரும்வரை. அக்குளில் வாயைவிட ஏறக்குறைய அரை டிகிரி குறைவாக வரும், அதனால் எங்கே பார்த்தீர்கள் என்பதையும் எழுதுங்கள்.

அவர் சாப்பிடும் மாத்திரைகளின் பெயரையும் அதே தாளில் எழுதி வையுங்கள். தூக்க மாத்திரை, மனநோய்க்கான சில மாத்திரைகள், இதயத் துடிப்பைக் குறைக்கும் பீட்டா பிளாக்கர் ஆகியவை உடம்பு வெப்பத்தைக் காத்துக்கொள்வதைக் கெடுக்கலாம். பக்கவாதம், பார்க்கின்சன் நோய் வந்தவர்களுக்கு மூளையில் வெப்பத்தைக் கட்டுப்படுத்தும் இடமே பழுதாகியிருக்கலாம். சரியாகச் சாப்பிடாமல் மெலிந்துபோன முதியவருக்கு, எந்த நோயும் இல்லாவிட்டாலும் குளிரும். அப்பா தனியாகச் சமைத்துச் சாப்பிடுகிறவர் என்றால், வாரத்தில் ஒரு நாள் குளிர்பதனப் பெட்டியைத் திறந்து பாருங்கள்.

அந்தத் தாளைப் பெட்டியின் கதவிலேயே காந்தம் வைத்து ஒட்டுங்கள். என் அம்மாவுக்கு அப்படி ஒன்று வைத்திருந்தோம்: காலை 36.1, மாலை 36.4, வாயில். ஒரு நாள் காலை பணிப்பெண் 35.3 என்று பார்த்துவிட்டு, தாளையும் பார்த்துவிட்டு, எனக்கு அழைத்தாள். அவளுக்குத் தமிழும் தெரியாது, மருத்துவமும் தெரியாது, அந்த இரண்டு எண்கள்தான் தெரியும். நிமோனியா ஆரம்ப நிலையில் இருந்தது. அம்மா அதற்கப்புறம் நான்கு வருடம் இருந்தார்.

அடுத்த மாதம்: இரவில் கால் குரக்கை இழுப்பது பற்றி எழுதுங்கள். என்ன மாத்திரை சாப்பிடுகிறீர்கள் என்பதையும் சேர்த்து எழுதினால் பதில் சொல்ல எளிதாக இருக்கும்.